கரான்ஸ்: பூவா, வேரா, காற்சட்டையா?

வணக்கம் ஐயா,

நான் யாழ்ப்பாணத்தில் பிறந்து, நெடுங்காலமாகப் பாரிஸ் நகருக்குப் பக்கத்தில் இருக்கிறேன். மகன் ஒரு பிரெஞ்சுப் பிள்ளையைக் கட்டியிருக்கிறார். அண்மையில் எங்களுக்குப் பேத்தி பிறந்தாள். பெயர் கரான்ஸ். ஊரில் இருக்கும் என் அம்மா போன் எடுக்கும்போதெல்லாம் "உந்தப் பேருக்கு என்ன கருத்து பிள்ளை?" என்று கேட்கிறா. மருமகளைக் கேட்டால் "ஒரு சிவப்புப் பூ" என்கிறாள். இணையத்தில் ஓரிடத்தில் 'உத்தரவாதம்' என்று போட்டிருந்தது. மருமகளின் தாத்தாவோ பெயரைக் கேட்டவுடன் "காற்சட்டை!" என்று சொல்லிச் சிரித்தார். ஏன் என்று யாரும் எனக்கு விளக்கவில்லை. இது பழைய பெயரா, புது நாகரிகமா? புனிதர் பெயர் மாதிரியும் தெரியவில்லை. முப்பத்தோராம் நாளுக்கு அழைப்பிதழ் அடிக்க வேண்டும், தமிழில் எப்படி எழுதுவது என்பதையும் சொல்லுங்கள்.

அன்புடன்,
ச.

அன்புள்ள ச.,

பேத்திக்கு என் வாழ்த்து. உங்கள் வீட்டில் மூன்று பேர் மூன்று விளக்கம் சொல்லியிருக்கிறார்கள். அவற்றில் உண்மைக்கு மிக அருகில் இருப்பது தாத்தாவின் சிரிப்புதான். அதற்குக் கடைசியில் வருகிறேன்.

கரான்ஸ் ஒரு சாயச் செடி. தாவரவியலில் ரூபியா டிங்க்டோரம் என்பார்கள். காப்பிச் செடியின் குடும்பத்தைச் சேர்ந்தது. தண்டு நலிந்தது, தானாக நிற்காது. இலைகளிலும் தண்டிலும் நுண்ணிய கொக்கிகள் இருக்கும், அவற்றால் பக்கத்தில் உள்ளதைப் பற்றிக்கொண்டு படரும். பூ பூக்கும், ஆனால் சிவப்பாக அல்ல. மிளகளவுகூட இல்லாத, வெளிறிய மஞ்சள் பூ. வயலில் அதைக் குனிந்து தேடினால்தான் கண்ணில் படும். காய் பழுத்தால் கறுப்பு. சிவப்பு முழுக்க மண்ணுக்குள், வேரில் இருக்கிறது. இரண்டு மூன்று வருடம் செடியை வளரவிட்டு, வேரைத் தோண்டி, உலர்த்தி, இடித்துப் பொடியாக்கி, படிகாரம் ஏற்றிய துணியோடு கொதிக்கவைத்தால் துவைத்தாலும் வெயிலில் காய்ந்தாலும் எளிதில் போகாத சிவப்பு ஏறும். படிகாரத்துக்குப் பதில் இரும்பு உப்பைச் சேர்த்தால் ஊதா, பழுப்பு என்று நிறம் மாறும்.

அப்படியானால் 'சிவப்புப் பூ' எங்கிருந்து வந்தது? ஒரு திரைப்படத்திலிருந்து. மார்செல் கார்னே இயக்கி, கவிஞர் ழாக் பிரெவெர் எழுதிய 'சொர்க்கத்தின் குழந்தைகள்' 1945 மார்ச்சில் பாரிசில் திரையிடப்பட்டது. ஜெர்மானிய ஆக்கிரமிப்புக் காலத்தில் எடுத்த படம். கதை நடப்பது அதற்கும் நூறாண்டுக்கு முந்தைய பாரிஸ் நாடகத் தெருவில். நாயகியாக வரும் அர்லெத்தியின் பாத்திரத்துக்குப் பெயர் கரான்ஸ். உண்மைப் பெயர் கிளேர், கரான்ஸ் என்பது கூப்பிடும் பெயர். அவள் அதை ஒரு பூவின் பெயர் என்று சொல்ல, அவளைச் சுற்றிவரும் நடிகன் உடனே அது உதட்டைப் போலச் சிவந்த பூ என்று வசனம் விடுகிறான். பெண்ணை மயக்க வந்தவன் தாவரவியல் பார்ப்பானா? பிரெவெருக்குச் செடி தெரியாமலா இருந்திருக்கும் என்று எனக்கு ஒரு சந்தேகம் உண்டு. அந்த நடிகன் வாய்ச்சவடால்காரன், அவன் வாயில் தவறான பூ பொருத்தமாகத்தான் இருக்கிறது. ஆனால் பார்த்தவர்கள் அதை அப்படியே எடுத்துக்கொண்டார்கள். பெயர்ப் புத்தகங்களில் இன்றும் 'சிவப்புப் பூ' இருக்கிறது. உங்கள் மருமகள் பிழையாகச் சொல்லவில்லை, எல்லாரும் சொல்வதைச் சொல்லியிருக்கிறாள்.

'உத்தரவாதம்' என்பதை விட்டுவிடுங்கள். பிரெஞ்சில் கராந்தி என்றால் உத்தரவாதம். ஓசை பக்கத்தில் வருவதால் யாரோ முடிச்சுப் போட்டிருக்கிறார்கள். இரண்டும் முற்காலத்தில் பிரான்சை ஆண்ட பிராங்கியர்கள் பேசிய பழைய ஜெர்மானிய மொழியிலிருந்து வந்தவைதான், ஆனால் வேர் வேறு. செடிக்கு அவர்கள் வைத்திருந்த பெயர் ஏட்டு லத்தீனில் 'வரென்சியா' ஆகி, வகரம் ககரமாகிக் கரான்ஸ் ஆனது. பிராங்கிய மொழியிலிருந்து வந்த வகரமெல்லாம் பிரெஞ்சில் அப்படித்தான் திரிந்திருக்கிறது. கியோம் என்ற பெயரும் ஆங்கிலத்து வில்லியமும் ஒன்றே என்பது இதனால்தான்.

அந்த லத்தீன் சொல் வருகிற இடத்தை உங்கள் மருமகளுக்குக் கட்டாயம் சொல்லுங்கள். ஏறத்தாழ 800-ஆம் ஆண்டளவில், பிராங்கிய மன்னர் சார்லமேன் காலத்தில், அரச பண்ணைகளை எப்படி நடத்த வேண்டும் என்று ஓர் ஆணை எழுதப்பட்டது. அதில் ஒரு பிரிவு பண்ணையிலிருந்த பெண்களின் தொழிற்கூடங்களைப் பற்றியது. நூற்பதும் நெய்வதும் சாயம் தோய்ப்பதும் அங்கே பெண்கள் வேலை. அவர்களுக்கு வேளாவேளைக்குக் கொடுக்க வேண்டிய பொருள்களின் பட்டியலில் ஆளிநார், கம்பளி, நீலச் சாயத்துக்கான வோடு இலை, சிவப்புக்கான பூச்சி, பிறகு கரான்ஸ், அதன்பின் கம்பளி சிக்கெடுக்கும் சீப்பு, சவர்க்காரம் என்று போகிறது. ரோஜா, லில்லி என்று பெயர் வைத்தவர்கள் தோட்டத்திலிருந்து எடுத்தார்கள். கரான்ஸ் பட்டறையிலிருந்து வந்த பெயர், அதுவும் பெண்கள் கைவேலை செய்த பட்டறை. எனக்கு இது சிவந்த உதட்டைவிட மேலாகத் தோன்றுகிறது.

ஆனால் அந்தக் காலத்தில் யாரும் மகளுக்கு இந்தப் பெயரை வைக்கவில்லை. பிரான்சில் பெண்குழந்தைக்குப் பெயர் என்றால் புனிதர் பெயர். உங்கள் ஊகம் சரி, புனித கரான்ஸ் என்று ஒருவர் கிடையாது. செடி முதன்முதலில் நாட்காட்டிக்குள் நுழைந்தது பிரெஞ்சுப் புரட்சியின்போது. புரட்சிக்காரர்கள் 1793-இல் புனிதர்களை நாட்காட்டியிலிருந்து இறக்கிவிட்டு ஒவ்வொரு நாளுக்கும் ஒரு செடி, ஒரு விலங்கு அல்லது ஓர் உழவுக் கருவியின் பெயரைச் சூட்டினார்கள். மூடுபனி மாதமான ப்ருமேரின் 23-ஆம் நாள் கரான்சுக்கு. நம் கணக்கில் நவம்பர் 13 வாக்கில் வரும். மறுநாள் ஆரஞ்சு, அதற்கு மறுநாள் காட்டுக்கோழி வகையான ஃபெசன்ட்.

இதில் ஒரு வேடிக்கையும் உண்டு. 1803-இல் வந்த சட்டம் குழந்தைக்குப் பெயர் வைக்க ஒரு வேலி போட்டது. வழக்கிலிருக்கும் 'பல்வேறு நாட்காட்டிகளில்' உள்ள பெயர்களும், பண்டை வரலாற்றில் தெரிந்த மனிதர்களின் பெயர்களும் மட்டுமே செல்லும். சட்டம் ஒருமையில் சொல்லாமல் பன்மையில் சொன்னதால், வேண்டுமென்றே வாதாடும் தகப்பன் ஒருவன் புரட்சி நாட்காட்டியைக் காட்டிக் கரான்ஸ் கேட்டிருக்கலாம். கலப்பை, கோழி என்றும் கேட்டிருக்கலாம், அது வேறு கதை. நடைமுறையில் பதிவு அலுவலர் என்ன நினைத்தாரோ அதுதான். 1966-இல் விதி கொஞ்சம் தளர்ந்தது. 1993 ஜனவரியில்தான் பெற்றோர் விருப்பம் என்று முழுமையாகத் திறந்தது. குழந்தையின் நலனுக்குக் கேடு என்று பட்டால் அலுவலர் அரசு வழக்கறிஞருக்குத் தெரிவிக்கலாம், அவ்வளவே. கரான்ஸ் என்ற பெயர் நன்றாகப் பரவியது அந்தத் திறப்புக்குப் பிறகு. ஆக, பெயர்ச்சொல்லாக இது ஆயிரத்து இருநூறு வருடப் பழசு, பெண்பெயராக உங்கள் மகனின் தலைமுறைப் புதுசு. இதற்கு ஒரு வர்க்கச் சாயலும் உண்டு. படித்த, நகர்ப்புற, சினிமாவும் புத்தகமும் பேசும் வீடுகளில்தான் அதிகம் காதில் விழும். நடிகை கரான்ஸ் மாரிலியே பிறவியிலேயே அந்தப் பெயர்க்காரர். ஃபேஷன் உலகில் பெயர்பெற்ற கரான்ஸ் டோரே அதைத் தானே சூடிக்கொண்டவர்.

இனி தாத்தாவின் காற்சட்டை.

பதினெட்டாம் நூற்றாண்டில் ஐரோப்பா முழுவதற்கும் நல்ல சிவப்பு ஒரு ஏக்கமாக இருந்தது. துருக்கிக்காரர்கள் பருத்தியில் ஏற்றிய 'அட்ரியானோப்பிள் சிவப்பு' பிரெஞ்சுப் பட்டறைகளுக்கு நெடுநாள் பிடிபடவில்லை. அந்தச் சமயத்தில் ழான் அல்தென் என்ற ஆர்மீனியர் தெற்கே அவினியோன் பகுதிக்கு வந்து, ஆசியா மைனரில் கற்ற முறைப்படி கரான்ஸ் பயிரிடத் தொடங்கினார். அடிமையாக விற்கப்பட்டு, செடியோடு வேலைசெய்து, தப்பி வந்தவர் என்று அவரைப் பற்றிக் கதை சொல்வார்கள். அவினியோன் அப்போது பிரான்சுக்குச் சொந்தமில்லை, போப்பாண்டவரின் நிலம். அல்தென் 1774-இல் ஏழையாகச் செத்தார். அடுத்த நூற்றாண்டில் அந்தப் பகுதி, அதாவது வொக்லூஸ் மாவட்டம், கரான்ஸ் விற்றே செழித்தபோது அவருக்கு அவினியோனில் சிலை எழுப்பினார்கள். அல்தென்-தெ-பலூ என்று ஓர் ஊரே அவர் பெயரில் இருக்கிறது.

இந்த விவசாயிகளுக்குக் கிடைத்த பெரிய வாடிக்கையாளர் அரசாங்கம். 1829-இல் பத்தாம் சார்ல் மன்னர் காலத்தில் பிரெஞ்சுக் காலாட்படைக்குச் சிவப்புக் காற்சட்டை விதிக்கப்பட்டது. உள்நாட்டுக் கரான்சுக்குச் சந்தை கொடுப்பதும் அதன் நோக்கங்களில் ஒன்று. அன்றிலிருந்து எண்பது வருடத்துக்கு மேல் கரான்ஸ் என்றால் பிரெஞ்சுக்காரன் மனதில் முதலில் வருவது சிப்பாயின் கால்தான். உங்கள் மருமகளின் தாத்தா வயதுக்காரர்கள் அந்தக் காற்சட்டையைப் பள்ளிப் பாடப்புத்தகப் படத்திலும் குடும்பப் புகைப்படப் பெட்டியிலும் பார்த்து வளர்ந்தவர்கள். கிழவர் கிண்டல் செய்யவில்லை. அவருக்கு முதலில் வந்த பொருளைச் சொல்லியிருக்கிறார்.

கதை இங்கிருந்துதான் சூடுபிடிக்கிறது. 1826-இல் ரொபிகே, கோலன் என்ற இரு பிரெஞ்சு வேதியியலாளர்கள் வேரிலிருந்து நிறப்பொருளைப் பிரித்தெடுத்து அலிசரின் என்று பெயரிட்டார்கள். அதை இன்னும் சுத்தமாகவும் மலிவாகவும் எடுத்தால் பணம் கொட்டும். அந்த ஓட்டத்தில் இறங்கியவர்களில் ஒருவர் அவினியோன் பள்ளி ஆசிரியர் ழான் ஆன்றி ஃபாப்ர். ஆமாம், பூச்சிகளைப் பற்றி எழுதிய அதே ஃபாப்ர். ஆசிரியர் சம்பளம் பிள்ளைகளுக்குச் சோறு போடவே போதாது, பல்கலைக்கழகப் பேராசிரியராக வேண்டுமானால் சொந்த வருமானம் இருக்க வேண்டும் என்ற நிலை. அதனால் ஆண்டுக்கணக்காகக் கரான்ஸ் வேரோடு மல்லுக்கட்டிக் காப்புரிமைகள் வாங்கினார். கல்வி அமைச்சர் விக்தோர் துருயி அவருடைய ஆய்வுக்கூடத்துக்கு வந்தபோது ஃபாப்ரின் கைகள் மணிக்கட்டுவரை சாயத்தில் சிவந்திருந்தன என்று ஃபாப்ரே எழுதியிருக்கிறார். 1868-இல் பாரிசுக்கு அழைத்துப் பதக்கம் கொடுத்து, பேரரசர் மூன்றாம் நெப்போலியனுக்கும் அறிமுகம் செய்தார்கள்.

அதே 1868-இல் பெர்லினில் கிரேபெ, லீபர்மன் என்ற வேதியியலாளர்கள் இருவரும் நிலக்கரித் தாரிலிருந்து கிடைக்கும் பொருளைக் கொண்டு அலிசரினைச் செயற்கையாக உண்டாக்கிவிட்டார்கள். தொழிற்சாலைக்கு ஏற்ற முறையை ஜெர்மானியரும் இங்கிலாந்து வேதியியலாளர் பெர்கினும் 1869 ஜூனில் லண்டனில் பதிவுசெய்தார்கள். ஜெர்மானியர் 25-ஆம் தேதி, பெர்கின் 26-ஆம் தேதி. ஒரே நாள் வித்தியாசம். சில ஆண்டுகளுக்குள் வேர்ச்சாயத்தின் விலை சரிந்து வொக்லூஸ் வயல்கள் திராட்சைக்கும் வேறு பயிருக்கும் மாறின. ஃபாப்ரின் உழைப்பெல்லாம் வீணானது. பேராசிரியர் கனவை விட்டுவிட்டு எழுதிப் பிழைக்கத் தொடங்கினார். பூச்சிகளுக்கு அது நல்ல காலம்.

சாயம் ஜெர்மனிக்குப் போய்விட்டது, காற்சட்டை மட்டும் சிவப்பாகவே இருந்தது. இங்கிலாந்தும் ஜெர்மனியும் தங்கள் படைகளுக்கு மண்நிறம், சாம்பல்நிறம் என்று மாற்றிக்கொண்ட பிறகும் பிரெஞ்சுக்காரர்கள் விடவில்லை. மாற்றலாம் என்று பேச்சு வந்தபோது முன்னாள் போர் அமைச்சர் எஜேன் எத்தியென், சிவப்புக் காற்சட்டைதான் பிரான்ஸ் என்று முழங்கியதாகச் சொல்வார்கள். அவர் பெருமைப்பட்ட சிவப்பு ஜெர்மன் தொழிற்சாலையிலிருந்து விலைக்கு வாங்கியது. 1914 ஆகஸ்டில் அந்த உடையோடுதான் போருக்குப் போனார்கள். ஆகஸ்ட் 22 ஒரே நாளில் ஏறத்தாழ 27,000 பிரெஞ்சுப் படையினர் மாண்டார்கள். காற்சட்டையால்தான் செத்தார்கள் என்று சிலர் எழுதுவதை நான் ஏற்கமாட்டேன். பீரங்கிக்கும் இயந்திரத் துப்பாக்கிக்கும் எதிரே திறந்த வெளியில் கூட்டமாக ஓடவிட்டால் எந்த நிற உடையும் காப்பாற்றாது. ஆனால் தூரத்திலிருந்து அவர்களைத் தெளிவாகக் காட்டிக்கொடுத்தது என்பது உண்மை.

அதன்பிறகு வந்த வெளிர்நீல உடையைப் படங்களில் பார்த்திருப்பீர்கள், 'தொடுவான நீலம்' என்பார்கள். போருக்குச் சற்று முன், 1914 ஜூலையில், நீலம் வெள்ளை சிவப்பு மூன்று இழையும் கலந்து நெய்த துணியில் புது உடை தைப்பது என்று முடிவாகியிருந்தது. போர் மூண்டதும் ஜெர்மானியச் சாயம் நின்றது. சிவப்பு இழையை விட்டுவிட்டு மற்ற இரண்டையும் நெய்தார்கள். அந்த நீலம் அப்படிப் பிறந்தது.

இடையில் ஒரு துண்டுச் செய்தி, உங்கள் பேத்தி பெரியவளானால் ரசிப்பாள். கரான்ஸ் தின்ற ஆடுமாடுகளின் எலும்பு சிவந்துபோகும். 1740-ஐ ஒட்டிய ஆண்டுகளில் துய்யமெல் துயு மொன்சோ என்ற பிரெஞ்சு அறிஞர் விலங்குகளுக்குச் சில நாள் கரான்ஸ் கலந்த தீனி, சில நாள் வெறும் தீனி என்று மாற்றிமாற்றிக் கொடுத்து, எலும்பில் சிவப்பும் வெள்ளையுமாக வளையங்கள் விழுவதைக் காட்டினார். எலும்பு எப்படிப் பருத்து வளர்கிறது என்பதற்கு அது முதல் சான்றுகளில் ஒன்று.

உங்கள் அம்மாவுக்குச் சொல்ல இவ்வளவும் வேண்டாம். அவருக்குச் சாயவேர் தெரிந்திருக்கும், குறைந்தபட்சம் பெயராவது. இம்பூறல் என்றும் சொல்வோம். மன்னாரிலும் யாழ்ப்பாணத்திலும் மணற்பாங்கான நிலத்தில் அதைத் தோண்டி எடுப்பது ஒரு தொழிலாகவே இருந்தது. ஒல்லாந்தர் ஆட்சியில் அது கம்பெனியின் ஏகபோகம். கரான்ஸ் குடும்பத்துச் செடிதான் சாயவேரும். வேரில் இருப்பதும் அதே அலிசரின். சோழமண்டலக் கரையின் சிவப்புச் சாயத் துணிகளைப் பார்த்து மயங்கிய பிரெஞ்சுக்காரர்கள், தங்கள் நாட்டில் அவற்றை 1686 முதல் 1759 வரை தடைசெய்துவிட்டு, மறுபக்கம் ரகசியத்தைத் தெரிந்துகொள்ளவும் ஆள் விட்டார்கள். 1734-இல் பொலியே என்ற கடற்படை அதிகாரி புதுச்சேரியில் சாயக்காரர்கள் வேலைசெய்வதை நிலைநிலையாகக் குறித்து, ஒவ்வொரு நிலைக்கும் துணி மாதிரி வெட்டிச் சேர்த்து அனுப்பினார். 1742-இல் இயேசு சபைப் பாதிரியார் கூர்து, துணியில் சித்திரமெழுதிச் சாயமேற்றும் முறையை நீண்ட கடிதமாக எழுதினார். சமஸ்கிருதத்துக்கும் லத்தீனுக்கும் உள்ள உறவைப் பற்றிப் பிற்பாடு எழுதியவரும் இந்தக் கூர்துதான். அவர்கள் இங்கே பார்த்த சிவப்பு சாயவேருடையது, அங்கே அதற்கு ஈடாக இருந்தது கரான்ஸ்.

இன்னும் நெருங்கிய உறவு வேண்டுமென்றால் நாட்டு மருந்துக்கடை மஞ்சிட்டி. அதுவும் ரூபியா இனமே. கரான்சுக்கு ஒன்றுவிட்ட அக்காள் என்று வைத்துக்கொள்ளலாம். "மஞ்சிட்டி மாதிரி ஒரு சாயவேர், அம்மா" என்றால் உங்கள் அம்மாவுக்கு ஒரு நொடியில் விளங்கிவிடும். 'சிவப்புப் பூ' என்று சொன்னால் செவ்வரத்தையா, செங்காந்தளா என்று அடுத்த கேள்வி வரும்.

பெயர் நாள் கொண்டாட வேண்டுமென்று மருமகள் வீட்டார் விரும்பினால், பூப்பெயர்க்காரர்கள் பலரும் அக்டோபர் 5-ஐ எடுத்துக்கொள்கிறார்கள், அது புனித ஃப்ளோர் நாள். செடியின் சொந்த நாள்தான் வேண்டுமென்றால் முன்னே சொன்ன நவம்பர் 13. பாதிரியார் ஒத்துக்கொள்ளமாட்டார், தாத்தா ஒத்துக்கொள்ளக்கூடும்.

அழைப்பிதழில் 'கரான்ஸ்' என்றே அடியுங்கள். 'கராண்ஸ்', 'காரன்ஸ்', 'கரன்சி' மூன்றையும் அச்சகக்காரர் முயன்றுபார்க்க வாய்ப்பிருக்கிறது, மெய்ப்பை ஒருமுறை நீங்களே பார்த்துவிடுங்கள். பிரெஞ்சில் இந்தப் பெயர் பிரான்ஸ் என்ற சொல்லோடு இயைபாக முடிவது. நாம் பிரான்ஸ் என்று எழுதிப் பழகிவிட்டதால் கரான்சும் அதே எழுத்தில் முடிவதுதான் முறை. முதல் ககரம் 'கங்கை'யின் முதல் எழுத்தைப்போல ஒலிக்க வேண்டும் என்பதை மட்டும் அம்மாவுக்குப் போனில் சொல்லிக்கொடுங்கள்.

அன்புடன்.